குற்றச்சாட்டு வனையும் நாள்

(நமது சங்கத்தின் உறுப்பினர் கூட்டத்தில் ஓய்வு பெற்ற வழக்கறிஞர் ஒருவர் ஆற்றிய உரை. பேச்சு நடை பெரும்பாலும் அப்படியே விடப்பட்டுள்ளது.)



இந்த மேடையில் வழக்கமாக உபன்யாசம் நடக்கும். இல்லாவிட்டால் டாக்டர் ஒருவர் சர்க்கரை வியாதியைப் பற்றிப் பேசுவார். கிரிமினல் கோர்ட்டைப் பற்றிப் பேச ஒருவனைக் கூப்பிட்டிருப்பது இதுதான் முதல் தடவை என்று காரியதரிசி சொன்னார். உள்ளே நுழையும்போதே ஒரு மாமா என்னை மடக்கி, "நம்மவாளுக்கு இதெல்லாம் எதுக்கு ஓய்?" என்று கேட்டுவிட்டார். நியாயமான கேள்விதான். நான் திருப்பி ஒன்று கேட்கிறேன். இந்த ஹாலில் ஹவுசிங் சொசைட்டிப் பொருளாளர்கள் எத்தனை பேர்? சபா காரியதரிசிகள் எத்தனை பேர்? கோயில் கமிட்டியில் இருப்பவர்கள், கடன் பைலில் கையெழுத்துப் போட்டு ரிட்டயர் ஆன பாங்க் மானேஜர்கள், டெண்டர் கமிட்டியில் உட்கார்ந்த மத்திய சர்க்கார் அதிகாரிகள்? கையைத் தூக்க வேண்டாம், எனக்குத் தெரியும். செக்கிலும் பைலிலும் கையெழுத்துப் போடுகிற ஜாதி நாம். என்றைக்கோ போட்ட கையெழுத்துக்கு என்றைக்கோ பதில் சொல்ல வேண்டி வரலாம். மருமகள் வீட்டார் கொடுத்த புகாரில் பெயர் சேர்ந்த மாமனார் மாமியார்களும் நம்மில் இருக்கிறார்கள். புகார் கொடுக்க வேண்டிய நிலைக்கு ஆளான பெண்ணைப் பெற்றவர்களும் இருக்கிறார்கள். இரண்டு தரப்பிலிருந்தும் எனக்குக் கடிதங்கள் வந்திருக்கின்றன.

முதலில் ஒரு குழப்பத்தைத் தீர்த்துவிடுகிறேன். "சார்ஜ் ஷீட் போட்டுவிட்டார்கள்" என்பதையும் "சார்ஜ் ஃப்ரேம் ஆகிவிட்டது" என்பதையும் நாம் ஒன்றாகவே சொல்கிறோம். இரண்டும் வேறு வேறு. சார்ஜ் ஷீட் என்கிற குற்றப்பத்திரிகை, விசாரித்து முடித்த போலீஸ் கோர்ட்டுக்குக் கொடுக்கும் அறிக்கை. அது போலீசின் அபிப்பிராயம், அவ்வளவுதான். சார்ஜ் ஃப்ரேம் செய்வது கோர்ட். சட்டத் தமிழில் அதைக் குற்றச்சாட்டு வனைதல் என்பார்கள். நீ இன்ன தேதியில், இன்ன இடத்தில், இன்ன குற்றம் செய்தாய் என்று நீதிபதியே எழுதி, படித்துக் காட்டி, ஒப்புக்கொள்கிறாயா என்று கேட்பது.

இந்த இரண்டுக்கும் நடுவே சட்டம் ஒரு வாசல் வைத்திருக்கிறது. அதற்கு டிஸ்சார்ஜ் என்று பெயர், அதாவது விசாரணை தொடங்குவதற்கு முன்பே விடுவிப்பது. 1973ஆம் வருஷத்து குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் செஷன்ஸ் வழக்குக்கு 227ஆவது பிரிவு, மாஜிஸ்திரேட் முன்னால் வரும் போலீஸ் வழக்குக்கு 239ஆவது பிரிவு. 2024 ஜூலை 1 முதல் அமலில் இருக்கும் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் இவையே 250, 262 என்ற எண்களில் இருக்கின்றன. அந்தத் தேதிக்கு முன்பே நடந்துகொண்டிருந்த வழக்குகள் பழைய சட்டப்படியே தொடரும். புதிய சட்டம் ஒரு கெடு வைத்திருக்கிறது. மாஜிஸ்திரேட் வழக்கென்றால் தஸ்தாவேஜு நகல்கள் கைக்கு வந்த நாளிலிருந்தும், செஷன்ஸ் வழக்கென்றால் வழக்கு செஷன்ஸ் கோர்ட்டுக்கு அனுப்பப்பட்ட நாளிலிருந்தும் 60 நாளுக்குள் விடுவிப்பு மனுப் போட வேண்டும். "வக்கீல் பார்த்துப்பார்" என்று காலண்டரைப் பார்க்காமல் இருந்துவிடாதீர்கள்.

இந்தக் கட்டத்தில் நீதிபதி என்ன பார்க்கிறார்? குற்றம் செய்தாரா இல்லையா என்று பார்ப்பதில்லை. இதைப் புரியவைக்க நான் ஜாதகத்தைத்தான் சொல்வது வழக்கம். ஜாதகம் சேருகிறதா என்று பார்ப்பது ஒன்று, பெண் பார்த்துக் கல்யாணத்தை நிச்சயம் செய்வது இன்னொன்று. முதல் கட்டத்தில் கட்டத்தை மட்டும்தான் பார்க்கிறோம். போலீஸ் கொடுத்த பேப்பர்கள்தான் இங்கே கட்டம். அவற்றை அப்படியே நிஜம் என்று வைத்துக்கொண்டாலும் விசாரணை நடத்துகிற அளவுக்கு ஏதாவது இருக்கிறதா என்பதுதான் கேள்வி.

1977இல் பீகார் அரசு எதிர் ரமேஷ் சிங் வழக்கில் சுப்ரீம் கோர்ட், பலமான சந்தேகம் இருந்தாலே இந்தக் கட்டத்துக்குப் போதும், தண்டிக்கத் தேவையான அளவு சாட்சியம் இருக்கிறதா என்று இப்போதே எடை போடக்கூடாது என்றது. இரண்டு வருஷம் கழித்து, 1979இல், பிரஃபுல்ல குமார் சாமல் வழக்கு. கட்டாக்கில் நிலம் ஆர்ஜிதம் செய்த விவகாரம் அது. குற்றம் சாட்டப்பட்டவர்களைக் கீழ்க்கோர்ட் விடுவித்திருந்தது. சுப்ரீம் கோர்ட் அந்த விடுவிப்பை நிலைநிறுத்தியது. நீதிபதி என்பவர் போலீஸ் கொடுத்ததை வாங்கி முத்திரை குத்துகிற தபாலாபீஸ் அல்ல. ஒரு எல்லைக்குள் பேப்பர்களைச் சலித்துப் பார்க்கலாம். சந்தேகம் உண்டு, ஆனால் அது பலமான சந்தேகம் இல்லை என்று பட்டால் விடுவித்துவிடலாம் என்றது. இன்றும் ஒவ்வொரு விடுவிப்பு மனுவிலும் இந்த இரண்டு தீர்ப்புகளும் எதிரெதிரே உட்கார்ந்திருக்கும். சர்க்கார் வக்கீல் முதலாவதைப் படிப்பார், நாங்கள் இரண்டாவதைப் படிப்போம்.

ஒரு விசித்திரத்தையும் சொல்ல வேண்டும். ஒருவரை விடுவித்தால் நீதிபதி காரணம் எழுத வேண்டும் என்று சட்டமே சொல்கிறது. குற்றச்சாட்டு வனைய நீண்ட காரணம் எழுத வேண்டியதில்லை என்று 2000இல் கான்டி பத்ர ஷா வழக்கில் சுப்ரீம் கோர்ட் சொல்லிவிட்டது. எங்கும் வேலைப்பளு என்பதால் சொன்னது, நோக்கம் நல்லதுதான். ஆனால் நாளைக்கு நாற்பது வழக்கைக் கூப்பிடும் கோர்ட்டில் எந்த உத்தரவு எழுதுவது சுலபம் என்பதை நீங்களே யோசித்துக்கொள்ளுங்கள்.

இனி என் கதை. என் அத்திம்பேர், அதாவது என் அக்கா அகத்துக்காரர், ஒரு ஹவுசிங் சொசைட்டியில் கௌரவப் பொருளாளராக இருந்தார். ஊர் பெயர் வேண்டாம். அந்தக் கட்டடத்தில் இன்றும் நம்மவர்கள் குடியிருக்கிறார்கள். ரிட்டயர் ஆன அக்கவுண்ட்ஸ் மனுஷர், கால் ரூபாய் கணக்குக்கு ராத்திரி தூங்க மாட்டார். 2003இல் மொட்டை மாடி ஒழுகி, பெரிய ரிப்பேர் ஒன்று செய்தார்கள். வேலை எதிர்பார்த்ததைவிட அதிகம் பிடித்தது. காண்ட்ராக்டருக்குக் கூடுதல் பணம் கொடுக்கலாம் என்று பொதுக்குழு தீர்மானம் போட்டது. செயலாளரும் அத்திம்பேரும் செக்கில் கையெழுத்துப் போட்டார்கள். 2005இல் வேறு கமிட்டி வந்தது. பழைய கமிட்டி பணத்தைச் சுருட்டிவிட்டது என்று 2006இல் போலீசில் புகார். நம்பிக்கை மோசடி, ஏமாற்றுதல் என்று இந்திய தண்டனைச் சட்டத்தின் 406, 420 பிரிவுகள்.

போலீஸ் ஸ்டேஷனிலிருந்து கூப்பிட்டார்கள். அத்திம்பேர் மஞ்சள் பையில் அந்தப் பொதுக்குழுத் தீர்மானத்தின் ஜெராக்ஸ் காப்பியை எடுத்துக்கொண்டு முதலில் என் வீட்டுக்கு வந்தார். "இதைக் கொடுத்துடறேன்டா, விஷயம் முடிஞ்சு போயிடும்" என்றார். நான் அப்போது முப்பது வருஷம் பழகிய கிரிமினல் வக்கீல். "அவசரப்படாதேள் அத்திம்பேர், நம்ம கையை இப்பவே காட்டக் கூடாது, டிரையல்ல காட்டிக்கலாம்" என்றேன். அவர் ஒன்றும் பேசாமல் பையை மடித்து வைத்துக்கொண்டார்.

2007இல் குற்றப்பத்திரிகை வந்தது. அதில் செக்குகள் இருந்தன, பாங்க் ஸ்டேட்மென்ட் இருந்தது, புதுக் கமிட்டித் தலைவரின் வாக்குமூலம் இருந்தது. தீர்மானம் இல்லை. எப்படி இருக்கும்? நாம்தான் கொடுக்கவே இல்லையே. மினிட்ஸ் புத்தகம் புதுக் கமிட்டியின் பீரோவில் இருந்தது. நான் விடுவிப்பு மனுப் போட்டு, தீர்மானத்தின் நகலையும் இணைத்து ஒரு மணி நேரம் வாதாடினேன். சர்க்கார் வக்கீல் எழுந்து ஒரே வாக்கியம் சொன்னார்: இந்தக் காகிதம் எங்கள் பேப்பர்களில் இல்லை. ஒரிசா அரசு எதிர் தேவேந்திரநாத் பாதி வழக்கில் 2004இல் சுப்ரீம் கோர்ட் மூன்று நீதிபதிகள் அமர்வு சொன்னது அதுதான். குற்றச்சாட்டு வனையும் கட்டத்தில் குற்றம் சாட்டப்பட்டவர் கொண்டுவரும் தஸ்தாவேஜைப் பார்க்க அவருக்கு உரிமை கிடையாது, போலீஸ் வைத்த பேப்பர்கள்தான் பேசும் என்ற தீர்ப்பு. மாஜிஸ்திரேட் அதை எடுத்து எழுதி மனுவைத் தள்ளுபடி செய்தார். சட்டப்படி அவர் மேல் எந்தத் தப்பும் இல்லை.

போலீசிடம் கொடுத்திருந்தால் அத்திம்பேரை நிச்சயம் விடுவித்திருப்பார்கள் என்று நான் சொல்லவில்லை. போலீஸ் அதைக் கோர்ட்டில் வைக்காமலே இருந்திருக்கலாம். ஆனால் எழுத்து மூலம் கொடுத்து, நகலில் தேதியோடு ரசீது கையெழுத்து வாங்கியிருந்தால் ஒரு பிடி இருந்திருக்கும். சந்தேகத்துக்கு இடமில்லாத, அப்பழுக்கற்ற தஸ்தாவேஜை விசாரணை அதிகாரி கையில் வைத்துக்கொண்டே மறைத்தால், குற்றச்சாட்டு வனையும் கட்டத்திலும் கோர்ட் அதை வரவழைத்துப் பார்க்கலாம் என்று 2017இல் நித்ய தர்மானந்தா வழக்கில் சுப்ரீம் கோர்ட் சொன்னது. பாதி வழக்கின் தீர்ப்பு அப்படியே நிற்க, அதற்குள் ஒரு சிறு ஜன்னல். அந்த ஜன்னல் திறக்க வேண்டுமானால் காகிதம் முதலில் அதிகாரியிடம் போயிருக்க வேண்டும். "கையைக் காட்டாதே" என்ற வக்கீல் புத்தி எல்லா வழக்குக்கும் பொருந்தாது. சாட்சியைக் குறுக்கு விசாரணை செய்யும் உத்தியை மறைக்கலாம். பொதுக்குழுத் தீர்மானம், ஆடிட் ரிப்போர்ட், மேலதிகாரி போட்ட அனுமதி உத்தரவு இவற்றை எதற்கு மறைப்பது?

2009இல் ஒரு புதன்கிழமை குற்றச்சாட்டு வனைந்தார்கள். அத்திம்பேருக்கு 72 வயது. காலையில் சந்தியாவந்தனம் முடித்து, இஸ்திரி போட்ட வெள்ளைச் சட்டையில் வந்தார். கூண்டில் நிற்கவைத்துப் படித்துக் காட்டினார்கள். ஒப்புக்கொள்கிறீர்களா என்று கேட்டபோது "இல்லை" என்று சொல்ல வேண்டும் என்று நான் பத்துத் தடவை சொல்லியிருந்தேன். அவருக்கு வாய் வரவில்லை. என்னைத் திரும்பிப் பார்த்தார். பிறகு சொன்னார். வீட்டுக்குப் போகும் ஆட்டோவில் "என் பேர்ல எழுதிட்டாளேடா" என்றார், அவ்வளவுதான்.

அப்போது எனக்கு இருந்த ஆத்திரத்தில் மேலே போயே தீருவது என்று முடிவு செய்தேன். மேலே போகலாமா என்பதே ஒரு காலத்தில் தகராறாக இருந்த விஷயம். கீழ்க்கோர்ட்டின் இடைக்கால உத்தரவுகளின் மேல் சீராய்வு மனு, அதாவது ரிவிஷன், கிடையாது என்று 397ஆவது பிரிவின் இரண்டாவது உட்பிரிவு தடுக்கிறது. ஒவ்வொரு வாய்தாவுக்கும் மேல்கோர்ட்டுக்கு ஓடினால் வழக்கு எப்போது முடிவது? அதனால் அந்தத் தடை. குற்றச்சாட்டு வனையும் உத்தரவும் அப்படி ஓர் இடைக்கால உத்தரவா? 1977இல் மது லிமாயே வழக்கில் இது தீர்ந்தது. நாடாளுமன்றத்தில் பெயர் பெற்ற அதே மது லிமாயேதான். மகாராஷ்டிர சட்ட மந்திரியாக இருந்த அந்துலேயைப் பற்றி டெல்லியில் பத்திரிகையாளர்களுக்குக் கொடுத்த அறிக்கைக்காக அவர் மேல் பம்பாய் செஷன்ஸ் கோர்ட்டில் அவதூறு வழக்கு. குற்றச்சாட்டு வனைந்தார்கள். ரிவிஷன் செல்லாது என்றது ஹைகோர்ட். சுப்ரீம் கோர்ட் ஒப்புக்கொள்ளவில்லை. இறுதி உத்தரவும் இல்லாமல் வெறும் இடைக்கால உத்தரவும் இல்லாமல் நடுவில் ஒரு வகை உண்டு, இது அந்த வகை, மேல்கோர்ட் தாராளமாகப் பார்க்கலாம் என்றது. நாம் இன்று ரிவிஷன் போட முடிகிறது என்றால் அந்தத் தீர்ப்பின் புண்ணியம். புதிய சட்டத்தில் 397 இப்போது 438 ஆகியிருக்கிறது. செஷன்ஸ் கோர்ட், ஹைகோர்ட் இரண்டில் ஒன்றுக்குத்தான் ரிவிஷன் போகலாம், ஒருவருக்கு ஒரு தடவைதான். கெடு 90 நாள்.

போகலாம் என்பது சரி. போனால் என்ன பார்ப்பார்கள் என்பதில்தான் நம்மவர்கள் ஏமாறுகிறார்கள். மேல்கோர்ட் உங்கள் வழக்கை மறுபடி விசாரிக்கப் போவதில்லை. "நான் நிரபராதி" என்பது அங்கே வாதமே இல்லை. இந்தப் பேப்பர்களை வைத்துக்கொண்டு ஒரு நீதிபதி இப்படி நினைத்திருக்க முடியுமா முடியாதா, அவ்வளவுதான் அங்கே கேள்வி. நினைத்திருக்க முடியும் என்றால் முடிந்தது கதை, உங்கள் மனு தள்ளுபடி. ஜாதகத்தைப் பார்த்த முதல் ஜோசியர் பஞ்சாங்கத்தைச் சரியாகப் புரட்டினாரா என்று மட்டும் இரண்டாவது ஜோசியர் பார்க்கிற மாதிரி. 2012இல் அமித் கபூர் வழக்கில் சுப்ரீம் கோர்ட் இதையெல்லாம் விரிவாக எழுதியது. குற்றச்சாட்டு வனைந்த பிறகு மேல்கோர்ட் அபூர்வமாகத்தான் தலையிட வேண்டும் என்பதுதான் அதன் சாரம்.

எப்போது மேலே போவது சரி? பேப்பர்களை முழுக்க நிஜம் என்று ஒப்புக்கொண்டாலும் குற்றம் என்று ஒன்று அமையவில்லை என்றால் போகலாம். சிவில் தகராறுக்குக் கிரிமினல் சாயம் பூசியிருந்தால் போகலாம். சர்க்கார் உத்தியோகஸ்தர் மேல் வழக்குத் தொடர முன் அனுமதி வேண்டியிருந்தும் வாங்கவில்லை என்றால் போகலாம். ரிட்டயர் ஆகிவிட்டவருக்கும், பதவியில் இருந்தபோது கடமை சார்ந்து செய்த காரியத்துக்கு 197ஆவது பிரிவின் பாதுகாப்பு உண்டு. இப்போது அது 218. இவையெல்லாம் பேப்பரைப் பார்த்தாலே தெரியும் குறைகள். சாட்சி பொய் சொல்கிறார், நிஜத்தில் நடந்தது வேறு என்று சொல்ல வேண்டியிருந்தால் அதற்கு இடம் விசாரணை மேடைதான்.

கடிதங்களில் பெரும்பாலானவை பழைய 498ஏ பிரிவைப் பற்றியவை. இப்போது பாரதிய நியாய சன்ஹிதாவில் 85, 86. ஒரு மாமி எழுதியிருக்கிறார். பிள்ளையும் நாட்டுப்பெண்ணும் இருந்தது ஒரு ஊரில், மாமியும் மாமாவும் இருந்தது ஆயிரம் மைல் தள்ளி. "மாமனார் மாமியாரும் கொடுமைப்படுத்தினார்கள்" என்று ஒரே வரியில் இரண்டு பேரையும் வழக்கில் சேர்த்திருக்கிறார்கள். தேதி இல்லை, சம்பவம் இல்லை. இது பேப்பரிலேயே தெரியும் குறை. 2022இல் கஹ்கஷான் கௌசர் வழக்கிலும், 2024 டிசம்பரில் தாரா லக்ஷ்மி நாராயணா வழக்கிலும், பொத்தாம் பொதுவான குற்றச்சாட்டை வைத்துக் குடும்பத்தார் அனைவரையும் இழுக்கக்கூடாது என்று சுப்ரீம் கோர்ட் வழக்குகளை ரத்து செய்தது. மாமியின் வக்கீல் முதலில் விடுவிப்பு மனுவில் இந்த வாதத்தை அழுத்தமாக வைக்கட்டும்.

ஆனால் அதே தபாலில் வந்த இன்னொரு கடிதத்தையும் சொல்லாமல் விட மாட்டேன். பெண்ணைப் பெற்ற ஒருவர் எழுதியது. நிஜமாகவே அடி வாங்கிய பெண். மானம் போகும் என்று போலீசிடம் "கஷ்டப்படுத்தினார்கள்" என்று மட்டும் சொல்லியிருக்கிறாள். எந்த நாள், யார், எதனால் அடித்தார்கள், எந்த டாக்டரிடம் போனாள் என்று ஒன்றும் சொல்லவில்லை. அடித்தவன் விடுவிக்கப்பட்டுவிட்டான். போலீஸ் எழுதிக்கொண்ட வாக்குமூலத்தில் இல்லாதது இந்தக் கட்டத்தில் உலகத்திலேயே இல்லாத மாதிரி. அவருக்கு நான் எழுதிய பதில் இதுதான்: விடுவித்த உத்தரவின் மேலும் ரிவிஷன் உண்டு, புகார் கொடுத்தவரும் போகலாம், 90 நாளை விட்டுவிடாதீர்கள். டிஸ்சார்ஜ் என்பது விடுதலைத் தீர்ப்பு இல்லை, புது ஆதாரம் கிடைத்தால் வழக்கு திரும்பவும் உயிர் பெற முடியும். டாக்டர் சீட்டைத் தேடி எடுங்கள். மானத்தைப் பார்த்துப் பாதி சொல்லி நிறுத்துவது நம் வீடுகளில் இருக்கிற வியாதி. பெண் குழந்தைகளுக்கு அதுதான் வினையாக முடிகிறது.

அத்திம்பேர் கதைக்கு வருகிறேன். செஷன்ஸ் கோர்ட்டில் ரிவிஷன் 2010இல் தள்ளுபடி. ரிவிஷன் ஒரு தடவைதான் என்பதால், ஹைகோர்ட்டின் உள்ளார்ந்த அதிகாரத்தைக் கேட்டு 482ஆவது பிரிவில் மனுப் போட்டேன். இப்போது அது 528. மனு அனுமதிக்கப்பட்டது. இறுதி விசாரணை வரை அத்திம்பேர் மேல் கீழ்க்கோர்ட் நடவடிக்கைக்கு இடைக்காலத் தடையும் கிடைத்தது. போனில் சொன்னவுடன் அக்கா அன்றைக்குப் பாயசம் வைத்தாள். நானும் இரண்டு தம்ளர் குடித்தேன். ஜெயித்துவிட்டோம் என்றுதான் எல்லோரும் நினைத்தோம். நானும்.

கூடக் குற்றம் சாட்டப்பட்ட செயலாளர் எங்களோடு வரவில்லை. அவர் குஜராத்திக்காரர், துணிக்கடை வைத்திருந்தார். "வக்கீல் சாப், கணக்கு சரியாக இருக்கும்போது எதற்கு ஓடணும்? நடக்கட்டும்" என்றார். எனக்கு உள்ளூர ஒரு ஏளனம். தடை அத்திம்பேருக்கு மட்டும் என்பதால் மாஜிஸ்திரேட் வழக்கைப் பிரித்து, செயலாளர் மேல் விசாரணையைத் தொடர்ந்தார். அவருடைய வக்கீல், என்னைவிட இருபது வயது சின்னவர், மனுப் போட்டு சொசைட்டி பீரோவிலிருந்து மினிட்ஸ் புத்தகத்தைக் கோர்ட்டுக்கு வரவழைத்தார். புகார் கொடுத்த புதுக் கமிட்டித் தலைவரையே அந்தப் பக்கத்தைத் திறக்கச் சொன்னார். கூடுதல் பணம் கொடுக்கலாம் என்று தீர்மானம் போட்ட அந்தப் பொதுக்குழுவுக்கு வந்தவர்கள் வரிசையில் அவர் கையெழுத்தே இருந்தது. "இது உங்கள் கையெழுத்தா?" "ஆமாம்." வேலை நடந்தது என்று காண்ட்ராக்டரின் இன்ஜினீயரும் வந்து சொல்லிவிட்டுப் போனார். 2013இல் செயலாளருக்கு விடுதலை. தீர்ப்பு நகலை ஃப்ரேம் போட்டுக் கடையில் மாட்டினார் என்று கேள்விப்பட்டேன்.

அந்தத் தீர்ப்பின் நகலை நான் ஹைகோர்ட்டில் தாக்கல் செய்தேன். ஒருவருக்குக் கிடைத்த விடுதலை இன்னொருவருக்குத் தானாக வந்துவிடாது. மனு விசாரணைக்கு வர வேண்டும். பழைய மனுக்களின் வரிசையில் அது தூங்கியது. போர்டில் வரும், நேரம் போதாது, அடுத்த வாரம் என்பார்கள், பிறகு மாதக்கணக்கில் வராது. யாரையும் குறை சொல்ல எனக்கு மனசில்லை. வரிசை நீளம். ஒவ்வொரு தடவையும் அத்திம்பேர் கேட்பார், நான் "தடை இருக்கே, கவலை என்ன" என்பேன். சாட்சி சொன்ன அந்த இன்ஜினீயர் 2014இல் காலமானார். சொசைட்டியின் பழைய தலைவர் மகனோடு அமெரிக்கா போய்விட்டார்.

2018 மார்ச்சில் ஏஷியன் ரீசர்ஃபேசிங் வழக்கில் சுப்ரீம் கோர்ட் ஒரு தீர்ப்புச் சொன்னது. விசாரணைக்குக் கொடுத்த தடை, காரணம் எழுதி நீட்டிக்கப்படாவிட்டால் ஆறு மாதத்தில் தானாகக் காலாவதி ஆகும் என்றார்கள். (அந்தத் தானியங்கி விதியை 2024 பிப்ரவரியில் ஐந்து நீதிபதிகள் அமர்வு ரத்து செய்துவிட்டது. இன்று தடை அப்படித் தானாகப் போகாது. பழைய தீர்ப்பை யாராவது இன்னும் காட்டினால் நம்பாதீர்கள்.) எங்கள் தடையும் அந்த வருஷமே போயிற்று. நவம்பரில் மாஜிஸ்திரேட் கோர்ட்டிலிருந்து சம்மன் வந்தது. அத்திம்பேருக்கு அப்போது 81. காது மந்தம், ஒரு பக்கம் கை நடுக்கம். அவர் பயப்படவில்லை, அதுதான் எனக்கு ஆச்சரியம். "இப்பவாவது சொல்லிடலாம் இல்லையா?" என்று அந்த மஞ்சள் பையைத் தேடி எடுத்து வைத்துக்கொண்டார். 2019 ஜனவரியில் ஒரு வாய்தா, சாட்சி வரவில்லை. பிப்ரவரியில் போய்ச் சேர்ந்துவிட்டார்.

குற்றம் சாட்டப்பட்டவர் இறந்தால் அவர் மேலுள்ள வழக்கு அற்றுப்போகும். மரணச் சான்றிதழைக் கொடுத்தோம், ஒரு வரியில் உத்தரவு. தண்டிக்கப்பட்டவர் அப்பீல் நிலுவையில் இறந்தால், அவர் குடும்பத்தார் கோர்ட் அனுமதியோடு அப்பீலைத் தொடரச் சட்டத்தில் இடம் உண்டு. விசாரணை முடியாமலே இறந்தவருக்குப் பின்னால் அந்த மாதிரி ஒன்றும் கிடையாது. பதிமூன்றாம் நாள் எல்லாம் ஆன பிறகு அக்கா கேட்டாள்: "அவர் மேல ஒண்ணும் தப்பில்லேன்னு எங்கயாவது எழுதியிருக்காளாடா?" செயலாளர் தீர்ப்பைக் காட்டலாமா என்று யோசித்தேன். அதில் அத்திம்பேர் பெயருக்கு எதிரே, வழக்கு பிரிக்கப்பட்டது என்று மட்டும்தான் இருக்கிறது. "இல்லேக்கா" என்றேன்.

தடையே கேட்கக் கூடாது என்று நான் சொல்ல வரவில்லை. பேப்பரிலேயே குறை இருந்து, மனு சீக்கிரம் விசாரணைக்கு வரும் என்றும் தெரிந்தால் கேளுங்கள். வயதானவர், கையில் நல்ல தஸ்தாவேஜு, உயிரோடிருக்கும் சாட்சி என்று இருந்தால், "எத்தனை வருஷம் நிற்கும், அதற்குள் யார் இருப்பார்கள்" என்று உங்கள் வக்கீலை ஒரு தடவை கேளுங்கள். அவர் கோபித்துக்கொண்டாலும் பரவாயில்லை. என்னை யாராவது கேட்டிருந்தால் நானும் கோபித்துக்கொண்டிருப்பேன்.

மணி ஆகிவிட்டது என்று காரியதரிசி கடிகாரத்தைக் காட்டுகிறார். காபிக்குப் பிறகு பின்பக்க அறையில் உட்கார்ந்திருப்பேன். பேப்பர் கொண்டு வந்திருப்பவர்கள் குற்றப்பத்திரிகையை முழுசாகக் கொடுங்கள், சாட்சிகளின் வாக்குமூலங்களோடு. முதல் பக்கத்தை மட்டும் காட்டி அபிப்பிராயம் கேட்காதீர்கள். போலீசிடம் நீங்கள் கொடுத்த காகிதம் ஏதாவது இருந்தால், ரசீது கையெழுத்து வாங்கிய நகல்தான் எனக்கு முதலில் வேண்டும்.